தூண்டிலில் கோத்த பெயர்

மழையக்காவுக்கு மழையைப் பற்றி ஒன்றும் தெரியாது. வானம் கறுத்தால் குடை எடுத்துக்கொள்ள வேண்டும் என்பதற்கு மேல் அந்த விஷயத்தில் அவள் அறிவு வளரவில்லை. ஆனால் போர் தொடங்கிய மறுவருடத்திலிருந்து தெரு முழுக்க அவளுக்கு அந்தப் பெயர்தான். வானிலைத் துறையில் குமாஸ்தா வேலை என்று சொல்லியிருந்தாள். அப்படிச் சொல்லும்படி உத்தரவு. அதன் பிறகு அக்கம்பக்கத்தில் துணி துவைத்தவர்கள் எல்லாம் அவளைக் கேட்டுவிட்டுத்தான் கொடியில் போட்டார்கள். அவளும் வாய்க்கு வந்ததைச் சொல்லி வைப்பாள். நனைந்த போர்வையோடு சண்டைக்கு வந்த எதிர்வீட்டுத் தையல்காரியிடம், "நான் சொல்றது உங்களுக்குக் கேக்குது, மேகத்துக்குக் கேக்கலையே, என்ன பண்றது?" என்றாள். தையல்காரி அப்புறம் நெடுநாள் முகம் கொடுத்துப் பேசவில்லை.

அவள் போய்வந்தது வானிலைத் துறைக் கட்டடம் என்பது மட்டும் உண்மை. கீழ்த்தளத்தில் நிஜமான வானிலைக்காரர்கள் இருந்தார்கள். மாடிப்படியின் அடியில் 'பழுதான கருவிகள்' என்று ஒரு பலகை, பக்கத்திலேயே துப்பாக்கியோடு ஒரு காவலர். பழுதான கருவிகளுக்குத் துப்பாக்கிக் காவல் எதற்கு என்று கேட்கும் புத்தி அந்த ஊரில் ஒருவருக்கும் வரவில்லை. மாடியில் நீளமான மேசைகள், ஜன்னல்களுக்குக் கறுப்புத் துணி, சுவரோரம் முழுக்க அட்டைகள் அடுக்கிய மரப்பெட்டிகள். அங்கேதான் ஒரு தூதரகத்தின் ரகசியத் தந்திகளை உடைத்துப் படித்துக்கொண்டிருந்தார்கள்.

அந்தத் தூதரகம் போரில் சேராத ஒரு நாட்டினுடையது. இரண்டு பக்கத்துக் கைதிகளின் நலனையும் விசாரித்துத் தகவல் கொண்டுபோய்க் கொடுப்பது அதன் பொறுப்பு. வாய்ப்பேச்சில் நடுநிலைமை, உள்ளுக்குள் எதிரிக்கு வேண்டப்பட்டவர்கள். தூதர் தன் நாட்டுத் தலைநகரத்துக்கு அனுப்பும் தந்திகளும், அங்கிருந்து அவருக்கு வரும் தந்திகளும் வெறும் எண்களாக இருக்கும். தந்தி ஆபீசில் ஒவ்வொன்றுக்கும் சத்தமில்லாமல் ஒரு நகல் எடுத்து மாடிக்கு அனுப்பிவிடுவார்கள்.

மழையக்கா அதற்கு முன்பு ரயில்வே பார்சல் ஆபீசில் விலாசச் சீட்டு எழுதிக்கொண்டிருந்தவள். அச்சடித்த மாதிரி கையெழுத்து, அநாவசியப் பேச்சு கிடையாது. அதைப் பார்த்துத்தான் யாரோ கூப்பிட்டார்கள். செத்தாலும் வெளியே சொல்வதில்லை, போர் முடிந்த பிறகும் சொல்வதில்லை, சொன்னால் சிறை என்று ஒரு தாளில் கையெழுத்து வாங்கினார்கள். அப்புறம்தான் வேலை என்னவென்று சொன்னார்கள். அவளுக்குத் தூக்கிவாரிப்போட்டது. அடுத்தவர் வீட்டுத் தபாலைக்கூடத் திருப்பிப் பார்க்காத ஜென்மம் அவள்.

"அடுத்தவங்க தந்தியையா சார் பிரிச்சுப் படிக்கிறோம்?"

"படிச்சாத்தான் பரவாயில்லையேம்மா. படிக்க முடியலையேன்னுதானே இத்தனை பேர் தலையைப் பிச்சுக்கிட்டு உக்காந்திருக்கோம்," என்றார் அந்தப் பிரிவின் தலைவர்.

அவருக்கு ரப்பர் சார் என்று பெயர். ஓர் அழிரப்பரை நூலில் கட்டிக் கழுத்தில் தொங்கவிட்டிருப்பார். கல்லூரியில் கணக்குச் சொல்லிக்கொடுத்தவர். எதையும் பென்சிலில்தான் எழுத வேண்டும், எழுதியதை நம்பக் கூடாது என்பது அவர் கொள்கை. சாப்பாட்டு நேரத்தில்கூட ரப்பரைக் கழற்ற மாட்டார். ஒருமுறை குழம்பில் தோய்ந்துவிட்டது, துடைத்துவிட்டு மறுபடி மாட்டிக்கொண்டார்.

மழையக்காவின் வேலை அட்டைகளைப் பார்த்துக்கொள்வது. தூதரகத்திடம் ஒரு குறிப்புப் புத்தகம் இருந்தது. அதில் சொல்லுக்கு ஓர் எண். ஒரே எண் எந்தெந்தத் தந்தியில் வருகிறது, முன்னும் பின்னும் என்ன வருகிறது என்று மாடியில் எண்ணுக்கு ஓர் அட்டை போட்டிருந்தார்கள். இது 'கப்பல்' என்ற சொல்லாக இருக்கலாம் என்று யாருக்காவது தோன்றினால் அட்டையில் பென்சிலால் 'கப்பல்?' என்று எழுதுவாள். வேறு இடங்களிலும் அது பொருந்தி, மூன்று இடத்தில் சரியாக வந்துவிட்டால் பென்சிலை அழித்துவிட்டு மையில் எழுதலாம். மையில் எழுதியதை அதன் பிறகு யாரும் கேள்வி கேட்பதில்லை. இந்த விதியைப் போட்டவர் ரப்பர் சார்தான்.

முதல் வருடம் நன்றாகத்தான் போனது. தூதருக்கு வயிற்றுப்புண், தூதர் மனைவிக்குத் திரைச்சீலை நிறம் பிடிக்கவில்லை, அதற்கு நடுவே கப்பல்கள் எங்கே நிற்கின்றன என்ற சங்கதி, எல்லாம் வந்தன. திடீரென்று ஒரு நாள் அவர்கள் புத்தகத்தையே மாற்றிவிட்டார்கள். மரப்பெட்டிகள் அத்தனையும் ஒரே நாளில் குப்பையாகிவிட்டன. மாடியில் இழவு விழுந்த வீடு மாதிரி இருந்தது.

மழையக்காவுக்கு அதே சமயத்தில் வீட்டிலும் இடி. அவளுக்கு இருந்தது ஒரே தம்பி. அப்பா அம்மா போன பிறகு அவள்தான் வளர்த்தாள். கல்யாணம் செய்துகொள்ளாமலே போனதற்கும் அவன்தான் காரணம் என்று சொல்வார்கள். அவளைக் கேட்டால் வந்த மாப்பிள்ளைகள்தான் காரணம் என்பாள். அவனுக்கு அப்பா பெயர், தாத்தா பெயர், குடும்பப் பெயர் எல்லாம் சேர்ந்து பெயர் அவ்வளவு நீளம். பள்ளிக்கூடத்தில் வருகை எடுக்கும்போது மூச்சு வாங்கிய வாத்தியார் ஒருவர் ரயிலு என்று கூப்பிட ஆரம்பித்தார், அதுவே நிலைத்துவிட்டது. பஸ்ஸில் கண்டக்டராக இருந்தான். பேச ஆரம்பித்தால் விசில் ஊத மறந்துவிடுவான். ராணுவத்தில் லாரி ஓட்ட எடுத்துக்கொண்டார்கள். ஒரு நாள் வழி தவறி, ஒரு காவல் சாவடியில் நிறுத்தி, இறங்கிப் போய் வழி கேட்டிருக்கிறான். அது எதிரியின் சாவடி. லாரி நிறைய ரொட்டியோடு மாட்டிக்கொண்டான்.

அவன் பெண்டாட்டி கைக்குழந்தையோடு மழையக்காவுடனேயே இருந்தாள். வாய் ஓயாமல் சிரிக்கிற பெண். புருஷன் கைதியான சேதி வந்ததிலிருந்து அந்தச் சிரிப்பு போய்விட்டது. "உசிரோட இருக்கான்ல, வருவான்," என்று மழையக்கா சொல்வாள். சொல்லிவிட்டுக் குளியலறையில் போய்த் தண்ணீரைத் திறந்துவிட்டு அழுவாள்.

இருட்டில் கிடந்த மாடிக்கு வெளிச்சம் கொண்டுவர ரப்பர் சார் ஒரு வழி கண்டுபிடித்தார். நம் அரசாங்கம் தூதருக்கு ஒரு கடிதம் கொடுக்கும். தூதர் அதைச் சொல்லுக்குச் சொல் தலைநகரத்துக்குத் தந்தியடித்தே ஆக வேண்டும். கைதிகள் விஷயத்தில் அதுதான் நடைமுறை. கடிதத்தில் என்ன இருக்கிறது என்று நமக்குத் தெரியும். தந்தியும் நம் கைக்கு வரும். இரண்டையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்தால் எந்த எண் எந்தச் சொல் என்று பிடித்துவிடலாம். இதற்குத் தூண்டில் என்று பெயர் வைத்திருந்தார்.

"பெயருங்கதான் முக்கியம். மனுஷன் பெயர் அவங்க புத்தகத்துல இருக்காது. எழுத்தெழுத்தா உடைச்சுத்தான் அனுப்பியாகணும். நீளமான பெயரா வேணும். யாருக்காவது தெரியுமா, கைதியா இருக்கிறவங்கள்ல நீளமான பெயர்?"

மழையக்கா யோசிக்கவே இல்லை. தம்பியின் முழுப் பெயரையும் சொன்னாள்.

"இது பெயரா, ஊர்வலமா!" என்று ரப்பர் சார் குதித்தார். எழுந்து வந்து அவள் கையைப் பிடித்துக் குலுக்கினார்.

அவளுக்கு வேறொரு கணக்கும் உள்ளே ஓடியது. அரசாங்கமே கடிதம் எழுதிக் கேட்டால் ஒரு போர்வையாவது கூடக் கொடுக்க மாட்டார்களா? இவனுக்காகக் கேட்க ஆள் இருக்கிறது என்று பயப்பட மாட்டார்களா? தப்பான ஆசை என்று சொல்ல முடியாது. அவள் இடத்தில் யார் இருந்தாலும் அந்தப் பெயரைத்தான் சொல்லியிருப்பார்கள்.

கடிதம் தயாரானது. சில கைதிகளின் உடல்நிலை குறித்து அரசு மிகுந்த கவலை கொண்டுள்ளது என்று தொடங்கி, அதில் ரயிலுவின் பெயர் மட்டும் திரும்பத் திரும்ப வந்தது. ஒரே எழுத்துகள் மறுபடி மறுபடி வந்தால் பிடிப்பது சுலபம் என்று ரப்பர் சார் வேண்டுமென்றே அப்படி எழுதியிருந்தார். இன்னாருக்குக் காய்ச்சல் உண்டா, இன்னார் சாப்பிடுகிறாரா, இன்னாரை அரசு மறக்கவில்லை என்று தெரிவிக்கவும். படித்துப் பார்த்த மழையக்காவுக்கு உச்சி குளிர்ந்தது.

தூதர் கடமை தவறாதவர். ஒரு சொல் விடாமல் அனுப்பினார். மாடியில் பொழுது போனது தெரியாமல் உழைத்தார்கள். எழுத்துகள் விழுந்தன, அதைப் பிடித்துக்கொண்டு சொற்கள் விழுந்தன, மரப்பெட்டிகளில் புதிய அட்டைகள் நிறைந்தன. பாதிக்குப் பாதி படிக்க முடிந்தது. மீதி இடங்களில் ஓட்டை.

அப்படி ஓட்டையோடு படித்த முதல் பதில் தந்தியை மழையக்காதான் சுத்தமாகப் பிரதி எடுத்தாள். தூதரின் தலைநகரம் தூதருக்கு எழுதியிருந்தது. 'நீங்கள் குறிப்பிட்ட லாரி ஓட்டுநர் மிக முக்கியமானவர் என்று எதிர்த்தரப்பு கருதுகிறது. முகாமிலிருந்து பிரித்து' — இங்கே ஓர் எண் — 'தனியாக வைத்திருக்கிறார்கள். அவருடைய மதிப்பு என்ன என்று அறிந்து சொல்லவும். அதைப் பொறுத்தே' — மறுபடி அதே எண் — 'முடிவாகும்.'

கையிலிருந்த பேனா கீழே விழுந்தது. ஒரு கண்டக்டரை, விசில் ஊத மறக்கிறவனை, ஒற்றன் என்றோ பெரிய தலை என்றோ நினைத்துவிட்டார்கள். நினைக்க வைத்தது யார்? அவன் பெயரைத் தூண்டிலில் புழுவாகக் கோத்துக் கொடுத்தது அவள்தானே.

"அந்த எண் என்னவா இருக்கும்மா, உனக்கு ஏதாவது தோணுதா?" என்று ரப்பர் சார் தயங்கியபடி கேட்டார்.

"விசாரணை," என்றாள் அவள். கேட்ட மாத்திரத்தில் வாயில் வந்துவிட்டது. "அவனைத் தனியா வச்சு அடிச்சு விசாரிக்கப் போறாங்க சார். வேற என்ன?"

பொருந்தத்தான் செய்தது. விசாரணைக்காகத் தனியாக வைத்திருக்கிறார்கள். மதிப்பைப் பொறுத்தே விசாரணை முடிவாகும். அட்டையை எடுத்து அவளே பென்சிலால் எழுதினாள். எழுத்து கோணலாக விழுந்தது. அவள் வாழ்க்கையிலேயே கோணலாக எழுதிய சொல் அது ஒன்றுதான்.

இன்னொரு கடிதம் எழுதலாமே, அவன் வெறும் ஓட்டுநர், ஒன்றும் தெரியாதவன் என்று சொல்லலாமே என்று கெஞ்சினாள். ரப்பர் சார் ரப்பரைப் பிடித்துத் திருகிக்கொண்டே நின்றார்.

"அவங்க சந்தேகப்படறது நமக்கு எப்படித் தெரியும்னு கேப்பாங்கம்மா. அந்த நிமிஷமே புத்தகத்தை மறுபடி மாத்திடுவாங்க. கடல்ல எத்தனை கப்பல் நிக்குது தெரியுமா? என் கையில இல்லம்மா. என்னை மன்னிச்சுடு."

ஆனாலும் அவள் அன்றைக்கு அவரை வெறுத்தாள். வீட்டுக்குப் போகிற வழியெல்லாம் காலை எங்கே வைக்கிறோம் என்றே தெரியவில்லை.

இரண்டாவது தந்தி வந்தது. 'ஓட்டுநர் நன்றாகப் பேசுகிறார். தன் அக்கா அரசாங்கத்தில் வானிலைத் துறையில் இருப்பதாகச் சொன்னார்.' அப்புறம் அதே எண், 'அதற்கு முன்பு அவர் அக்காவையும் மனைவியையும் யாராவது போய்ப் பார்த்துப் பேசவும்.' விசாரணைக்கு முன்பு பேசவும். பொருந்தியது. இரண்டாவது இடம்.

ரப்பர் சார் முகத்தில் கொஞ்சம் உயிர் வந்தது. "நாம கடிதம் எழுத முடியாதும்மா. ஆனா அவங்களே உன்னைத் தேடி வர்றாங்க. கீழ ஒரு மேஜை போட்டுத் தரச் சொல்றேன். நிஜமாவே மழைக்கணக்கு எழுது. வர்றவங்ககிட்ட அவனை எவ்வளவு இறக்கிப் பேச முடியுமோ பேசு. அழுதுடாதே. அழுதா அவன் பெரிய ஆள்னு முடிவு பண்ணிடுவாங்க."

தூதரகத்திலிருந்து வந்தவள் ஒரு பெண். சாம்பல் நிறத் தொப்பி வைத்திருந்தாள். முதலில் வீட்டுக்குத்தான் போனாள். மாலையில் மழையக்கா வீடு திரும்பியபோது தம்பி பெண்டாட்டியின் முகம் பளபளத்தது.

"அக்கா, ஒரு தொப்பியம்மா வந்தாங்க! அவரைப் பத்திக் கேட்டாங்க. தங்கமானவர், அவரை மாதிரி ஆள் ஊர்லயே கிடையாது, எல்லாரும் அவருக்காகத்தான் காத்துக்கிட்டிருக்கோம்னு சொன்னேன். நல்லாச் சொன்னேன்தானேக்கா?"

பாவி, காரியத்தைக் கெடுத்தாளே என்று மழையக்கா நினைத்தாள். "நல்லாத்தான் சொல்லியிருக்கே," என்று வாய் சொன்னது. இவள் ஏற்றிவிட்டதையும் சேர்த்து நாளைக்கு நான் இறக்க வேண்டும் என்று மனதுக்குள் வரிந்துகட்டிக்கொண்டாள்.

மறுநாள் தொப்பியம்மா கீழ்த்தளத்து மேசைக்கு எதிரே வந்து உட்கார்ந்தாள். மரியாதையான பேச்சு, மென்மையான குரல்.

"உங்க தம்பியைப் பத்திக் கொஞ்சம் சொல்லுங்க."

"என்னத்தைச் சொல்றது? பஸ்ஸில ஏறினா வாய் பேசிட்டே வருவான், இறங்க வேண்டியவங்க அடுத்த ஸ்டாப்ல இறங்குவாங்க. லாரியையே ஒழுங்கா ஓட்டத் தெரியாம எதிரிங்ககிட்டயே போய் வழி கேட்டவன்."

"உங்க அரசாங்கம் அவர்மேல ரொம்ப அக்கறையா இருக்கே?"

"அரசாங்கமா! அவன்மேலயா! பெயர் நீளமா இருக்கிறதைப் பார்த்து எவனாவது பெரிய இடத்துப் பிள்ளைன்னு நினைச்சிருப்பான்."

தொப்பியம்மா சிரிக்கவில்லை. கொஞ்சம் முன்னால் சாய்ந்து கேட்டாள். "அவர் வீட்டுக்குத் திரும்பி வரணும்னு உங்களுக்கு ஆசை இல்லையா?"

அழுதுவிடக் கூடாது என்று மழையக்கா தனக்குள் சொல்லிக்கொண்டாள். மழைக்கணக்குத் தாளை இழுத்து வைத்துக்கொண்டு அதைப் பார்த்தபடியே சொன்னாள். "வரும்போது வரட்டும். ஒண்ணுத்துக்கும் ஆகாதவன் வந்து என்ன பண்ணப் போறான்? வீடு இப்பத்தான் கொஞ்சம் அமைதியா இருக்கு."

தொப்பியம்மா அவளையே பார்த்துக்கொண்டிருந்தாள். பிறகு எழுந்து, கொடுத்த டீயைக்கூடத் தொடாமல் போய்விட்டாள். ஜெயித்துவிட்டேன் என்று மழையக்கா நினைத்தாள். கழிவறைக்குப் போய் வாந்தி எடுத்தாள்.

தொப்பியம்மாவின் அறிக்கையும் தந்தியாகத்தான் போனது, மாடிக்கும் வந்தது. 'மனைவி உயர்வாகப் பேசினார். மனைவி அப்படித்தான் பேசுவார். அக்கா அரசு ஊழியர், நிதானமானவர். தம்பி எதற்கும் உதவாதவர் என்கிறார். அக்காவின் பேச்சே நம்பத்தக்கது.' அப்புறம் அந்த எண். 'அதற்கு உரியவர் அல்ல.' சில நாளில் பதில்: 'பழைய முகாமுக்கே திருப்பி அனுப்பப்பட்டார்.'

விசாரணைக்கு உரியவர் அல்ல! மழையக்காவுக்கு வயிற்றில் பால் வார்த்தது போலிருந்தது. மாடி முழுக்க அவளைச் சுற்றி நின்று கைதட்டியது. மூன்றாவது இடத்திலும் பொருந்திவிட்டதால் விதிப்படி அட்டையை எடுத்து, தன் கோணல் பென்சிலை அழித்துவிட்டு, அழகான எழுத்தில் 'விசாரணை' என்று மையில் எழுதினாள். போகும்போது கடையில் குழந்தைக்கு மிட்டாய் வாங்கிக்கொண்டு போனாள். எதற்கு மிட்டாய் என்று தம்பி பெண்டாட்டி கேட்டதற்கு, சும்மாதான் என்றாள். அவளும் ஏதோ நல்ல சகுனம் என்று எடுத்துக்கொண்டு பல நாளைக்குப் பிறகு சிரித்தாள்.

மாதங்கள் போயின. ஒரு காலையில் செய்தித்தாளில் முதல் பக்கத்தில் போட்டிருந்தார்கள். இரு தரப்பும் கைதிகளை ஆளுக்கு ஆள் மாற்றிக்கொண்டன, நம்மவர்கள் கப்பலில் வந்து இறங்கினார்கள் என்று. வாசித்துவிட்டு, நம்ம வீட்டுக் கதவு எப்போ திறக்குமோ என்று தம்பி பெண்டாட்டி பெருமூச்சு விட்டாள். மழையக்கா வேலைக்குப் போனாள்.

மாடியில் ரப்பர் சார் அவளை ஏறிட்டுப் பார்க்கவில்லை. அவர் மேசையில் தூதரகத்தின் புதிய தந்தி ஒன்று கிடந்தது. அந்தக் கைதிகளைக் கப்பலேற்றியதைப் பற்றிய தந்தி. அதில் அந்த எண் வரிக்கு வரி இருந்தது. மையில் எழுதிய 'விசாரணை'யைப் போட்டுப் படித்தால் ஒரு வரிகூட அர்த்தமாகவில்லை. விசாரணைக் கப்பல், ஆளுக்கு ஆள் விசாரணை, விசாரணை இனிதே முடிந்தது. சின்னப் பிள்ளைக்குக்கூடத் தெரியும் அது என்ன சொல் என்று. பரிமாற்றம்.

"மூணு இடத்துல பொருந்துச்சே சார்," என்றாள் மழையக்கா.

"மூணும் ஒரே இடம்மா. எல்லாமே அவனைப் பத்தின தந்தி. நான் பாத்திருக்கணும். பயந்துபோயிருந்த உன்கிட்ட நான் கேட்டிருக்கவே கூடாது."

அவள் பழைய பிரதிகளை எடுத்தாள். ரப்பர் சார் வேண்டாம் என்று தடுத்தார், கேட்கவில்லை. முகாமிலிருந்து பிரித்து, பரிமாற்றத்துக்காகத் தனியாக வைத்திருக்கிறார்கள். அவருடைய மதிப்பைப் பொறுத்தே பரிமாற்றம் முடிவாகும். பரிமாற்றத்துக்கு முன்பு அக்காவைப் பார்த்துப் பேசவும். அவர் வீட்டுக்குத் திரும்பி வரணும்னு உங்களுக்கு ஆசை இல்லையா என்று அந்தப் பெண் கேட்டது அவனை அனுப்பிவைப்பதற்காக. புதிய தந்தியின் கடைசி வரி: 'முன்பு சொன்ன ஓட்டுநருக்குப் பதிலாக வேறொருவர் அனுப்பப்பட்டார்.'

மழையக்கா கத்தினாள். என்ன கத்தினாள் என்று பிற்பாடு அவளுக்கு நினைவில்லை. படியடியில் நின்ற காவலர் மேலே ஓடி வந்தார் என்று மட்டும் சொன்னார்கள். அவள் கொடுத்த பெயர் அவனைச் சாகக் கொடுக்கவில்லை, காப்பாற்றத்தான் இருந்தது. போர்வை அல்ல, கப்பலே கிடைத்திருந்தது. வாசல்வரை வந்தவனை அவளே கதவைச் சாத்தித் திருப்பி அனுப்பியிருக்கிறாள். அதற்கு மிட்டாயும் வாங்கிக் கொடுத்திருக்கிறாள். மையை அழிக்க முடியாது என்பதால் ரப்பர் சார் அந்த அட்டையைக் கிழித்துவிட்டுப் புதிய அட்டை போட்டார்.

ரயிலு திரும்பி வந்தான். போரெல்லாம் முடிந்து, கல்லுடைக்கும் முகாமிலிருந்து கடைசிக் கூட்டத்தோடு வந்தான். போன உடம்பில் பாதி. நெஞ்சு முழுக்கக் கல்தூசி. படி ஏறினால் மூச்சு இரைக்கும். பஸ் வேலைக்கு இனி ஆகாது என்று டாக்டர் சொல்லிவிட்டார். வாய் மட்டும் அப்படியே இருந்தது. பார்க்க வருகிறவர்களுக்கெல்லாம் அவன் சொல்லும் கதை ஒன்று உண்டு.

"திடீர்னு ஒரு நாள் என்னைத் தனியாக் கூட்டிட்டுப் போனாங்க. தனி ரூம், வெள்ளைப் போர்வை, மாப்பிள்ளை மாதிரி கவனிப்பு. வீட்டுக்குப் போறே, புதுச் சட்டையோட போன்னு அளவெடுத்துச் சட்டை தைச்சாங்கன்னா பாத்துக்கோங்க! போட்டும் பாத்துட்டேன். அப்புறம் ஒருத்தன் வந்து, சட்டையைக் கழட்டுங்கிறான். நேரா பழையபடி கல்லுடைக்கிற இடம். எவனோ நம்மளைப் பத்தி வத்தி வச்சுட்டான்."

எல்லோரும் சிரிப்பார்கள். மழையக்கா அந்த இடம் வரும்போது எழுந்து உள்ளே போய்விடுவாள். தம்பி பெண்டாட்டி சிரிக்க மாட்டாள். ஒரு மதியம், விருந்தாளிகள் போன பிறகு, அவள் பாத்திரத்தை வைத்துவிட்டு அப்படியே தரையில் உட்கார்ந்து அழ ஆரம்பித்தாள்.

"அந்தத் தொப்பியம்மா என்கிட்டதானே வந்தாங்க. நான்தான் ஏதோ தப்பாச் சொல்லிட்டேன். ரொம்பப் புகழ்ந்துட்டேனோ என்னவோ. என் வாயாலதான் உங்க நெஞ்சு இப்படிப் போச்சு."

"அடச் சீ, நீ என்ன பண்ணுவே," என்றான் ரயிலு.

"நான்தான். எனக்குத் தெரியும். நீங்க இந்தக் கதையைச் சொன்னதுலேர்ந்து ஒரு நாளும் தூங்கலை நான்."

மழையக்கா கதவோரம் நின்றிருந்தாள். செத்தாலும் சொல்வதில்லை என்று கையெழுத்துப் போட்டவள். அந்தப் பெண் மார்பில் அடித்துக்கொண்டதை அவளால் பார்த்துக்கொண்டு நிற்க முடியவில்லை.

"நீ இல்லம்மா," என்றாள். "அந்தம்மா மறுநாள் என்கிட்டயும் வந்தாங்க. ஒண்ணுத்துக்கும் ஆகாதவன்னு நான்தான் சொன்னேன். வராட்டியும் பரவாயில்லைன்னு சொன்னேன்."

தம்பி பெண்டாட்டி முகத்தைத் துடைத்துக்கொண்டு நிமிர்ந்து பார்த்தாள்.

"ஏன்?"

மழையக்கா வாயைத் திறந்தாள். மாடி, அட்டை, அந்த எண், எல்லாம் தொண்டைவரை வந்து நின்றன. ஒன்றைச் சொன்னால் எல்லாவற்றையும் சொல்ல வேண்டும். "அப்படித்தான் சொல்லத் தோணுச்சு," என்றாள்.

ரயிலு சிரித்தான். "விடு, எங்கக்கா உள்ளதைத்தானே சொல்லியிருக்கு," என்று ஆரம்பித்தவனுக்குச் சிரிப்பு இருமலாக மாறியது. இருமல் நிற்கவே இல்லை. பெண்டாட்டி ஓடி வந்து நெஞ்சைத் தாங்கிப் பிடித்துக்கொண்டாள். பிடித்தபடியே, குனிந்திருந்த அவன் முதுகுக்கு மேலாக மழையக்காவைப் பார்த்தாள். அந்தப் பார்வையைப் பார்த்ததும் மழையக்கா இரண்டடி பின்னால் போனாள்.

"நாங்க வேற வீடு பாத்துக்கறோம்," என்றாள் தம்பி பெண்டாட்டி.

அந்த வாரமே வண்டி வந்தது. சாமான் அதிகமில்லை. பெண்டாட்டி குழந்தையோடு முன்னால் ஏறி உட்கார்ந்துவிட்டாள், திரும்பிப் பார்க்கவில்லை. ரயிலு மட்டும் வாசலுக்கு வந்தான்.

"நீ காரணம் இல்லாம சொல்லியிருக்க மாட்டேக்கா. எனக்குத் தெரியும். என்கிட்ட மட்டும் சொல்லு. நான் அவகிட்டப் பேசி அழைச்சுட்டு வந்துடறேன்."

அவன் நின்றான். நிற்கவே மூச்சு வாங்கியது, சுவரைப் பிடித்துக்கொண்டான். மழையக்கா அவன் சட்டையின் காலரைச் சரிசெய்தாள். அவன் இன்னும் கொஞ்ச நேரம் காத்திருந்து பார்த்துவிட்டு, மெல்ல இறங்கிப் போய் வண்டியில் ஏறிக்கொண்டான்.